‘ஆயோ’ன்னு ஒரு கூச்சல்... பிள்ளை ஜெயிச்சுட்டான்! நீங்க என்ன சொல்லப்போறீங்க?

ராத்திரி எட்டரை மணி. நீங்கள் சமையல்கட்டில் தோசை வார்த்துக்கொண்டிருக்கிறீர்கள். ஹால் மூலையிலிருந்து திடீரென்று ஒரு கூச்சல். கையில் செல்போனோடு உங்கள் பிள்ளை குதிக்கிறான். போனுக்குள்ளிருந்தும் நாலைந்து குரல்கள், ‘ஆயோ... ஆயோ...’ என்று. ‘ஐயோ, யாருக்கு என்ன ஆச்சு?’ என்று தோசைத் திருப்பியோடு ஓடி வருகிறீர்கள்.

பதறாதீங்க, யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ‘ஆயோ’ என்பது இந்தோனேஷியப் பாஷை. ‘வாங்க, கிளம்பலாம்!’ என்று உற்சாகப்படுத்துகிற சொல். நம்ம ‘ஐயோ’வுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. உங்கள் பிள்ளை பல மாதமாக ஆடிவந்த ஆட்டத்தில் இன்றைக்கு ஒரு பெரிய படியைத் தாண்டிவிட்டான். கூட ஆடுகிற ஜகார்த்தாப் பையன்களும் சுரபாயா பெண்களும் சேர்ந்து கொண்டாடுகிறார்கள்.

சைதாப்பேட்டைக்கும் ஜகார்த்தாவுக்கும் என்ன உறவு என்று கேட்கிறீர்களா? செல்போன் ஆட்டங்களில் கூட்டாளிகளைச் சேர்த்துவிடும்போது பெரும்பாலும் தூரம் பார்த்துத்தான் சேர்ப்பார்கள். ஆள் வெகுதொலைவில் இருந்தால், இவன் அழுத்துவது அங்கே போய்ச் சேரத் தாமதமாகும், ஆட்டம் இழுக்கும். அதனால் நம் பிள்ளைகளுக்குத் தென்கிழக்கு ஆசியக் கூட்டாளிகள் அமைவது சகஜம். அதிலும் இந்தோனேஷியா சுமார் 28 கோடி ஜனங்கள் உள்ள நாடு. அங்கே ‘மாபார்’ என்றே ஒரு பேச்சுவழக்கு உண்டு. சேர்ந்து விளையாடுவது என்று அர்த்தம்.

சரி, இப்போ கேள்வி இதுதான். பிள்ளை முகமெல்லாம் சிரிப்பாக உங்களைத் திரும்பிப் பார்க்கிறான். நீங்கள் என்ன சொல்வீர்கள்? ‘போதும், போனைக் கீழே வை!’ என்றா? அந்த ஒரு நிமிஷத்தில் நீங்கள் சொல்லும் வார்த்தையில் அவன் தூக்கம், கண், பணம், பாதுகாப்பு எல்லாமே அடங்கியிருக்கிறது. எப்படி என்று பார்ப்போமா?

*இதெல்லாம் ஒரு சாதனையா?*

‘பரீட்சையில் முதல் மார்க் வாங்கினால் சந்தோஷப்படலாம். செல்போன் ஆட்டத்தில் ஜெயித்ததற்கெல்லாமா?’ என்று தாத்தா கேட்பார். கேட்பது நியாயம்தான். ஆனால் பிள்ளையின் மனசில் அது நிஜமான சந்தோஷம். பலமுறை தோற்று, தப்பைத் திருத்தி, கூட்டாளிகளோடு ஒத்துப்போய் அடைந்த ஒன்று அது.

விஸ்வநாதன் ஆனந்தின் கதை தெரியுமா? ஆறு வயதில் அவருக்குச் செஸ் சொல்லிக்கொடுத்தவர் அவருடைய அம்மா சுசீலா. 1970-களின் கடைசியில் அப்பாவின் வேலை காரணமாகக் குடும்பம் பிலிப்பைன்ஸ் நாட்டின் மணிலாவுக்குப் போனது. அங்கே டி.வி.யில் மத்தியானம் ஒரு செஸ் நிகழ்ச்சி. முடிவில் ஒரு புதிர் போடுவார்கள். அந்த நேரத்தில் ஆனந்த் ஸ்கூலில் இருப்பார். அம்மா அதைக் குறித்து வைத்துக்கொள்வார். சாயங்காலம் இரண்டு பேருமாக உட்கார்ந்து விடை கண்டுபிடித்து அனுப்புவார்கள். பரிசாகப் புத்தகம் வரும். கடைசியில், ‘வேண்டிய புத்தகமெல்லாம் எடுத்துக்கொள், இனிமேல் விடை மட்டும் அனுப்பாதே’ என்று நிகழ்ச்சிக்காரர்களே சொல்லும் அளவுக்கு ஜெயித்ததாக ஆனந்த் சொல்லியிருக்கிறார். அந்தப் பையன்தான் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர்.

2024 டிசம்பர் 12-ல் சிங்கப்பூரில் 18 வயதில் உலக சாம்பியன் ஆன நம்ம சென்னைப் பையன் குகேஷின் அப்பா காது மூக்குத் தொண்டை டாக்டர். அம்மா நுண்ணுயிரியல் நிபுணர். மகனோடு ஊர் ஊராகப் போவதற்காக அப்பா தன் தொழிலையே நிறுத்திவைத்தார்.

‘செஸ்ஸும் செல்போன் ஆட்டமும் ஒண்ணா?’ என்று கேட்காதீர்கள். ஒண்ணு இல்லைதான். உங்கள் பிள்ளை உலக சாம்பியன் ஆகிவிடுவான் என்றும் யாரும் சொல்லவில்லை. ஆனால் அந்த இரண்டு வீட்டிலும் பிள்ளை என்ன ஆடுகிறான், யாரோடு ஆடுகிறான், எவ்வளவு நேரம் ஆடுகிறான் என்பது பெற்றவர்களுக்குத் தெரிந்திருந்தது. நமக்கு வேண்டிய பாடம் அவ்வளவுதான்.

எலெக்ட்ரானிக் ஆட்டத்துக்கும் மேடை வந்தாச்சு. 2018-ல் இந்தோனேஷியாவில் நடந்த ஆசிய விளையாட்டில் இ-ஸ்போர்ட்ஸ் காட்சிப் போட்டியாகச் சேர்க்கப்பட்டது. ஜகார்த்தாவில் நடந்த ஹார்த்ஸ்டோன் என்ற சீட்டாட்ட வகைப் போட்டியில் குஜராத் மாநிலம் புஜ்ஜைச் சேர்ந்த தீர்த் மேத்தா வெண்கலம் வாங்கினார். அதே ஆட்டத்தில் வெள்ளி வாங்கியவர் இந்தோனேஷியாவின் ஹென்ட்ரி ஹண்டிசூர்யா. காட்சிப் போட்டி என்பதால் அந்தப் பதக்கம் நாட்டின் கணக்கில் சேரவில்லை. ஆனால் அடுத்து, 2023-ல் நடந்த சீனாவின் ஹாங்சௌ ஆசிய விளையாட்டில் இ-ஸ்போர்ட்ஸ் முறையான பதக்கப் போட்டியே ஆகிவிட்டது.

*முதல் வாழ்த்து வீட்டிலிருந்து!*

யோசித்துப் பாருங்கள். கடல் தாண்டி இருக்கிற, முகம் தெரியாத பிள்ளைகள் ‘ஸெலாமாட்’ என்று வாழ்த்துகிறார்கள். சொந்த வீட்டில் மட்டும் திட்டு! அடுத்த தடவை அவன் சந்தோஷத்தைச் சொல்ல உங்களிடம் வருவானா? வரமாட்டான். சந்தோஷத்தையே சொல்லாத பிள்ளை, நாளைக்கு யாராவது ஏமாற்றினாலோ மிரட்டினாலோ அதையும் சொல்லமாட்டான். பயப்பட வேண்டிய இடம் அதுதான்.

அதனால் முதலில் தட்டிக்கொடுங்கள். ‘அப்படியா! என்ன பண்ணினே? எத்தனை நாள் ஆச்சு? கூட யார் யார் ஆடினாங்க? எனக்கும் ஒரு தடவை காட்டு’ என்று கேளுங்கள். பத்து நிமிஷம் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். ஒன்றும் புரியாவிட்டாலும் பரவாயில்லை. பேசுகிற குரல்கள் பிள்ளைகளின் குரலா, பெரியவர்களின் குரலா, பேச்சு எந்த லட்சணத்தில் இருக்கிறது என்பதெல்லாம் அந்தப் பத்து நிமிஷத்தில் தெரிந்துவிடும்.

பாட்டிக்கும் இதில் வேலை இருக்கிறது! இந்தோனேஷியாவில் ‘சொங்க்ளாக்’ என்று ஓர் ஆட்டம். ஜாவாவில் ‘டாக்கோன்’ என்பார்கள். மரப்பலகையில் குழிகள், அதில் சோழிகள், ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டே சுற்றி வரவேண்டும். அட, நம்ம பல்லாங்குழி! நமக்குப் பக்கத்துக்கு ஏழாகப் பதினாலு குழி. அவர்களுக்கு வழக்கமாக அதோடு இரண்டு ஓரத்திலும் சேர்த்து வைக்க ஒவ்வொரு பெரிய குழி. நாம் சொல்கிற கப்பலை அவர்கள் ‘கப்பால்’ என்கிறார்கள். கடை அங்கே ‘கெடாய்’. இதைப் பாட்டி வாயால் கேட்டால் பிள்ளைக்கு எவ்வளவு ஆச்சரியமாக இருக்கும்! பரணில் கிடக்கும் பல்லாங்குழிப் பலகையை எடுத்துத் துடையுங்கள். ஆட்டம் செல்போனிலிருந்து தரைக்கு இறங்கும். கண்ணுக்கும் ஓய்வு.

*தூக்கம்: கடிகாரம் உங்கள் பக்கம்!*

‘அவங்கல்லாம் இன்னும் ஆடறாங்கம்மா, நான் மட்டும் எப்படிப் போறது?’ இது பிள்ளைகள் வழக்கமாகச் சொல்வது. இதற்கு நல்ல பதில் ஒன்று இருக்கிறது.

ஜகார்த்தா நேரம் நம்மைவிட ஒன்றரை மணி முன்னால். பாலித் தீவு இரண்டரை மணி முன்னால். கிழக்கே பப்புவா மூன்றரை மணி முன்னால். நமக்கு ராத்திரி எட்டரை என்றால் ஜகார்த்தாவில் பத்து, பாலியில் பதினொன்று! அங்கே பெரும்பாலான பள்ளிக்கூடங்கள் காலை ஏழு மணிவாக்கில் ஆரம்பித்துவிடும். ஆகவே இவன் வயதுப் பிள்ளைகள் அந்த நேரத்தில் படுக்கைக்குப் போயிருக்க வேண்டும். நம்ம மணிக்கு ராத்திரி பதினொன்றரைக்கும் ஒரு ‘இந்தோனேஷிய நண்பன்’ விழித்திருந்தால் அங்கே மணி ஒன்று. அவன் பள்ளிக்கூடப் பையன்தானா என்று கேட்டுப் பார்க்கவேண்டிய விஷயம்.

அதனால் ஆட்டத்தைச் சாயங்காலம் ஆறரைக்கு மேல் ஆரம்பித்து எட்டு மணிக்குள் முடித்துக்கொள்ளச் சொல்லுங்கள். இரண்டு ஊருக்கும் அது சௌகரியம். ஆறிலிருந்து பன்னிரண்டு வயதுவரை தினம் 9 முதல் 12 மணி நேரத் தூக்கம் வேண்டும். பதிமூன்று முதல் பதினெட்டு வயதுவரை 8 முதல் 10 மணி நேரம். படுப்பதற்கு ஒரு மணி நேரம் முன்பே போன் ஹாலுக்கு வந்துவிட வேண்டும். சார்ஜ் போடுவதும் ஹாலில்தான். இந்தச் சட்டம் அப்பாவுக்கும் பொருந்தும்!

*கண், காது, கழுத்து, கட்டைவிரல்*

கண்: திரையை உற்றுப் பார்க்கும்போது நாம் இமைப்பது வெகுவாகக் குறைந்துவிடும். அதனால்தான் எரிச்சல், உறுத்தல், தண்ணீர் வடிதல். 20 நிமிஷத்துக்கு ஒரு முறை, 20 அடி தள்ளி இருக்கும் பொருளை 20 விநாடி பார்க்கச் சொல்லுங்கள். ஒரு ஆட்டம் முடிந்து அடுத்தது ஆரம்பிப்பதற்குள் ஜன்னல் வழியாக எதிர்வீட்டு மொட்டைமாடியைப் பார்த்தால் போதும். கிட்டப்பார்வை வராமல் தடுப்பதற்கு வெளிச்சத்தில் விளையாடுவது உதவும் என்பது நிரூபணமான விஷயம். தைவான் நாட்டில் 2010 முதல் பள்ளிப் பிள்ளைகளைத் தினம் 120 நிமிஷம் வெளியே இருக்கச் சொல்லி ஒரு திட்டமே நடத்தினார்கள். சைதாப்பேட்டைக்காரர்களுக்கு என்ன குறை? கிண்டி சிறுவர் பூங்கா கூப்பிடு தூரம். இருட்டில், விளக்கை அணைத்துவிட்டுப் போர்வைக்குள் ஆடுவது மட்டும் கூடவே கூடாது.

காது: ஹெட்போன் சத்தம் பாதிக்குச் சற்று மேல், அதாவது 60 சதவீதத்தைத் தாண்ட வேண்டாம். ஒரு கை நீளத்தில் நின்று நீங்கள் சாதாரணமாகக் கூப்பிட்டால் அவனுக்குக் கேட்க வேண்டும். கேட்கவில்லையா? சத்தம் அதிகம்.

கழுத்து: பெரியவர்களின் தலை ஏறக்குறைய ஐந்து கிலோ. அது முன்னால் சாயச் சாயக் கழுத்துத் தசைக்குப் பாரம் ஏறும். மடியில் தலையணையை வைத்து, அதன்மேல் முழங்கையை ஊன்றிக்கொண்டால் போன் தானாகக் கண்ணுக்கு நேரே வரும். குப்புறப் படுத்துக்கொண்டு ஆட வேண்டாம்.

கட்டைவிரல்: ஓயாமல் அழுத்தினால் மணிக்கட்டின் கட்டைவிரல் பக்கத்துத் தசைநாண் உறை வீங்கும். 1895-லேயே டி கெர்வான் என்ற சுவிஸ் அறுவை மருத்துவர் விவரித்த வியாதி இது. அப்போது செல்போன் ஏது! குழந்தையைத் தூக்கித் தூக்கி இறக்கும் தாய்மார்களுக்கும் இது வரும். கட்டைவிரலை உள்ளே மடக்கிக் கையை மூடி, மணிக்கட்டைச் சுண்டுவிரல் பக்கமாகச் சாய்க்கச் சொல்லுங்கள். ‘சுரீர்’ என்று வலித்தால் சில நாள் ஆட்டத்துக்கு லீவு. வலி குறையாவிட்டால் டாக்டரிடம் காட்டுங்கள்.

வலிப்பு வரும் பிள்ளைகள்: பளிச் பளிச் என்று மின்னும் வெளிச்சம் சிலருக்கு வலிப்பைத் தூண்டிவிடும். 1997 டிசம்பரில் ஜப்பானில் ஒரு டி.வி. கார்ட்டூனில் வந்த சிவப்பு, நீல மின்னலைப் பார்த்துச் சுமார் 700 பிள்ளைகள் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். வீட்டில் யாருக்காவது வலிப்பு உண்டென்றால் டாக்டரைக் கேட்காமல் இந்த ஆட்டங்களை அனுமதிக்காதீர்கள்.

*பார்ட்டி வேணுமா? மஞ்சள் சாதம் இருக்கே!*

வெற்றி என்றாலே பீட்ஸாவும் கோலாவும்தானா? இந்தோனேஷியக் கூட்டாளிகளோடு சேர்ந்த வெற்றி. அவர்கள் பாணியிலேயே கொண்டாடுங்கள். அங்கே நல்ல காரியங்களுக்கு ‘தும்பெங்’ செய்வார்கள். மஞ்சள் போட்டுத் தேங்காய்ப்பாலில் வேகவைத்த சாதத்தைக் கூம்பாகக் குவித்து, சுற்றிலும் காய்கறி, முட்டை என்று அடுக்குவார்கள். நம்ம வீட்டுக்குத் தகுந்தபடி இதோ:

இரண்டு டம்ளர் பச்சரிசியைக் கழுவி அரை மணி ஊறவையுங்கள். இரண்டு டம்ளர் தேங்காய்ப்பால், இரண்டு டம்ளர் தண்ணீர், அரை டீஸ்பூன் மஞ்சள்தூள், ஒரு பிரிஞ்சி இலை, தேவையான உப்பு சேர்த்துக் குக்கரில் இரண்டு விசில். எலுமிச்சைப்புல் கிடைத்தால் ஒன்று தட்டிப் போடுங்கள், வாசனை தூக்கும். எண்ணெய் தடவிய வாழையிலையைக் கூம்பாகச் சுருட்டி, சூடு பொறுக்கும் பதத்தில் சாதத்தை அழுத்தித் தட்டில் கவிழ்த்தால் தும்பெங் தயார். சுற்றிலும் தேங்காய் போட்ட பீன்ஸ் பொரியல், பாசிப்பயறுச் சுண்டல், அவித்த முட்டை. சர்க்கரை, கொலஸ்ட்ரால் உள்ளவர்கள் இருந்தால் தேங்காய்ப்பாலைப் பாதியாக்கித் தண்ணீரைக் கூட்டுங்கள். அவர்கள் சாதத்தைக் குறைத்துச் சுண்டலையும் பொரியலையும் கூட்டிச் சாப்பிடட்டும்.

முக்கியமான விஷயத்தைச் சொல்ல மறக்கக் கூடாது. கூம்பின் நுனியை வெட்டி, அங்கே இருப்பவர்களில் மரியாதைக்குரிய பெரியவருக்கு முதலில் கொடுப்பது அவர்கள் வழக்கம். ஜெயித்த பிள்ளை தன் கையால் வெட்டித் தாத்தாவிடம் கொடுக்கட்டும். ‘இதெல்லாம் ஒரு சாதனையா’ என்று கேட்ட தாத்தா என்ன சொல்கிறார், பாருங்கள்!

*நண்பனா, நரியா?*

ஊர் எதுவாக இருந்தாலும் நல்லவர்களும் உண்டு, மற்றவர்களும் உண்டு. பிள்ளையிடம் முன்கூட்டியே சொல்லிவைக்க வேண்டியவை:

• ஊர்ப் பெயர் சொல்லலாம். தெரு, பள்ளிக்கூடம், போன் நம்பர் சொல்லக் கூடாது.

• போட்டோ கேட்டாலோ, ‘வீட்டில் சொல்லாதே’ என்றாலோ, ஆட்டத்தை விட்டுத் தனியாகப் பேச வா என்றாலோ, உடனே அம்மா அப்பாவிடம் வரவேண்டும். வந்தால் திட்டமாட்டோம் என்று நீங்கள் வாக்குக் கொடுக்க வேண்டும்.

• ‘பரிசு அனுப்புகிறேன், ஓ.டி.பி. சொல்லு’ என்றால் அது பரிசு அல்ல, பொறி.

• ஆட்டத்துக்குள் உடை, ஆயுதம், வைரம் என்று விற்பார்கள். அதற்குப் போவது நிஜப் பணம். உங்கள் வங்கிக் கணக்கு இணைந்த போனில் பூட்டு இல்லாமல் ஆடவிடாதீர்கள்.

• பணம் கட்டி ஆடும் ஆன்லைன் ஆட்டம் வேண்டவே வேண்டாம். தமிழ்நாடு அரசு 2022-ல் இதற்கென்று சட்டம் கொண்டுவந்தது. 2025 ஆகஸ்டில் பாராளுமன்றம் நிறைவேற்றிய சட்டம், பணம் வைத்து ஆடும் ஆன்லைன் ஆட்டங்களைத் தடை செய்து, இ-ஸ்போர்ட்ஸை விளையாட்டாக ஏற்றுக்கொண்டது.

• 2020-லும் 2022-லும் மத்திய அரசு சில செல்போன் ஆட்டங்களைத் தடை செய்தது. இந்தோனேஷிய நண்பன் ஆடுகிறானே என்று குறுக்கு வழியில் இறக்கி வைத்திருக்கிறானா, பாருங்கள். அதோடு வைரஸும் சேர்ந்து வரலாம்.

பணம் போய்விட்டதா? தாமதிக்காமல் 1930-க்குப் போன் செய்யுங்கள். குழந்தைக்கு ஆபத்து என்று தோன்றினால் 1098.

*டாக்டரிடம் எப்போது?*

ஆசையாக ஆடுகிற பிள்ளைகள் எல்லாருமே அடிமைகள் கிடையாது. உலக சுகாதார நிறுவனம் விளையாட்டு அடிமைத்தனத்தைத் தன் நோய்ப் பட்டியலில் சேர்த்திருக்கிறது. அந்தப் பட்டியல் 2022 ஜனவரியிலிருந்து நடைமுறையில் உள்ளது. அதற்கு மூன்று அடையாளங்கள். ஆட்டத்தை நிறுத்த நினைத்தாலும் முடியாமல் போவது. சாப்பாடு, படிப்பு, நண்பர்கள் எல்லாவற்றுக்கும் மேலாக ஆட்டமே ஆகிவிடுவது. கெடுதல் என்று தெரிந்தும் தொடர்வது. இவை வழக்கமாக ஒரு வருஷமாவது நீடித்து, வாழ்க்கை கெடும் அளவுக்குப் போனால்தான் அந்தப் பெயர். அறிகுறிகள் கடுமையாக இருந்தால் அவ்வளவு நாள் காத்திருக்க வேண்டாம்.

குளிக்க மறுப்பது, மார்க் சரிவது, போனை வாங்கினால் கை ஓங்குவது, தனக்குள்ளேயே சுருண்டுகொள்வது... இதெல்லாம் தெரிந்தால் உடனே மனநல ஆலோசகரைப் பாருங்கள். 14416 என்ற டெலிமானஸ் எண்ணில் எந்த நேரமும் இலவசமாக, தமிழிலேயே பேசலாம். சில பிள்ளைகள் ஸ்கூலில் நடக்கும் கேலிக்குப் பயந்தோ, வீட்டுச் சண்டையைத் தாங்காமலோ ஆட்டத்துக்குள் ஒளிந்துகொள்வார்கள். போனைப் பிடுங்கினால் ஒளிய இடம் போகும், பயம் போகாது. காரணத்தைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

மற்றபடி, உங்கள் பிள்ளை நேரத்துக்குச் சாப்பிடுகிறான், தூங்குகிறான், தெருவிலும் ஆடுகிறான், ‘எட்டு மணி ஆச்சு’ என்றால் முணுமுணுத்துக்கொண்டாவது போனை வைக்கிறான் என்றால் கவலைப்பட ஒன்றுமில்லை. அவன் அடுத்த படியைத் தாண்டும்போது ஜகார்த்தாக்காரர்களுக்கு முன்னால் நீங்கள் வாழ்த்திவிடுங்கள். ‘ஸெலாமாட், கண்ணா!’ என்று சொல்லிப் பாருங்கள். அதற்கு அங்கத்திய பதில் ‘தெரிமா காசி’. நன்றி என்று அர்த்தம். காசு எதுவும் கேட்கவில்லை, பயப்படாதீங்க!